மழைக்காலத்தில் நாயின் பாதம்: சிங்கப்பூர் வீடுகளில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நாயின் பாதப் பராமரிப்பு என்று இணையத்தில் தேடினால் வருவதில் பாதி பனி, மீதி சாலை உப்பு. டிசம்பரில் நமக்கு வருவதோ வேறு. வடகிழக்குப் பருவமழை இறங்கிவிட்டால் நாள் முழுக்கத் தூறும். வெப்பநிலை 22, 23 டிகிரிக்கு இறங்கும். தரை காயாது, மூங்கிலில் போட்ட துணி காயாது, நாயின் விரலிடுக்கும் காயாது. குளிர்நாட்டில் வறண்டு வெடிக்கும் பாதத்துக்கு எழுதியதை இங்கே ஊறிப்போன பாதத்தில் செய்து பார்க்கிறார்கள். பல நாய்களுக்குத் தொல்லை தொடங்குவதே அங்கேதான்.

பக்கத்து வீட்டாரும் சொந்தக்காரர்களும் பூங்காவில் பார்ப்பவர்களும் திரும்பத் திரும்பக் கேட்பவற்றை இங்கே தொகுத்திருக்கிறேன். நான் கால்நடை மருத்துவர் அல்ல, நெடுநாளாக நாய் வளர்க்கும் ஆள்.

நம் ஊரில் குளிர்காலமே இல்லையே, பாதத்துக்கு எதற்குத் தனிக் கவனிப்பு?

சிங்கப்பூரில் ஆண்டுக்குச் சராசரியாக 2,100 மில்லிமீட்டருக்குச் சற்றுக் கூடுதலாக மழை பெய்கிறது. அதில் நவம்பர் முதல் ஜனவரி வரையிலான மாதங்களின் பங்கு அதிகம். தீபாவளிக்கு வாங்கிய புதுச் செருப்பு பொங்கலுக்குள் ஊறிப்போகும் காலம் இது.

நாயின் உள்ளங்காலில் இருப்பது தடித்த தோல். அது தொடர்ந்து ஈரத்தில் இருந்தால் மென்மையாகிவிடும். மென்மையான தோல் சிமெண்டுத் தரையில் உரசினால் எளிதில் சிராயும். விரல்களுக்கு நடுவில் இருப்பது அப்படியில்லை. அது மெல்லிய தோல், முடி மூடியது, காற்றே போகாதது. போதாததற்கு, நாய்க்கு வியர்க்கும் இடங்களில் முக்கியமானதும் உள்ளங்கால்தான். கிளினிக்கில் எவர்சில்வர் மேசைமேல் பயந்து நிற்கும் நாயைத் தூக்கிப் பாருங்கள், நான்கு ஈரத் தடங்கள் இருக்கும். வெளியே மழை, உள்ளே வியர்வை, நடுவில் முடி. பூஞ்சைக்கும் பாக்டீரியாவுக்கும் வேறென்ன வேண்டும்?

23 டிகிரியில் நாய்க்குக் கால் குளிருமா? காலுறை போட்டுவிடலாமா?

குளிராது. நமக்குத்தான் 23 டிகிரி வந்தாலே பெட்டியிலிருக்கும் ஸ்வெட்டர் ஞாபகம் வருகிறது. நாயின் பாதத்துக்குள் சூடான ரத்தத்தைக் கொண்டுபோகும் தமனிகளைச் சுற்றி, குளிர்ந்த ரத்தத்தைத் திருப்பிக் கொண்டுவரும் சிரைகள் வலைபோலப் பின்னியிருக்கின்றன. போகிற சூடு வருகிற குளிரைத் தணித்துவிடுவதால், பாதம் உறையாமலும் உடம்புச் சூடு வீணாகாமலும் இருக்கிறது. தோக்கியோவில் நினோமியா தலைமையில் ஆய்வாளர்கள் நாயின் பாதத்தை எலெக்ட்ரான் நுண்ணோக்கியில் பார்த்து 2011-இல் இதை விளக்கினார்கள். பனிமேல் நிற்கவே ஏற்பாடு செய்துகொண்டு பிறந்த கால் அது. அதற்குக் காலுறை போட்டால் ஈரத்தைக் கட்டிவைப்பதுதான் மிச்சம்.

நனைந்த குட்டியும் வயதான நாயும் நடுங்கலாம், அது உண்மை. அதற்கு உடம்பைத் துவட்டினால் சரியாகிவிடும்.

வெளியே போய் வந்ததும் எப்படிக் கழுவுவது? ஒவ்வொரு முறையும் ஷாம்பு வேண்டுமா?

வேண்டாம். பெரும்பாலான நாட்களுக்கு வெறும் தண்ணீர் போதும். சேறு அப்பியிருந்தாலோ, குப்பைத்தொட்டிப் பக்கம் மிதித்திருந்தாலோ மட்டும் நாய்க்கான மென்மையான ஷாம்பு கொஞ்சம். நாம் குளிக்கும் சோப்பும் பாத்திரம் கழுவும் திரவமும் கூடாது. நாயின் தோல் நம் தோலைவிட அமிலத்தன்மை குறைந்தது. நமக்கு ஒத்துக்கொள்வது அதை வறட்டி அரிக்கவைக்கும்.

கழுவுவதில் பெரிய வித்தை எதுவும் இல்லை. துடைப்பதில்தான் இருக்கிறது. எத்தனையோ வீடுகளில் பார்த்துவிட்டேன்: ஐந்து நிமிடம் பொறுமையாகக் கழுவுவார்கள், ஐந்து வினாடி துண்டால் தடவிவிட்டு விட்டுவிடுவார்கள். அப்படிச் செய்வதற்குக் கழுவாமலே விட்டிருக்கலாம். தேய்க்காமல், துண்டைப் பாதத்தில் சுற்றி அழுத்துங்கள். தண்ணீரைத் துண்டு உறிஞ்சட்டும். பிறகு துண்டின் ஓரத்தை ஒவ்வொரு விரலிடுக்கிலும் நுழைத்து இழுங்கள். பாதத்தைத் திருப்பி, நடுவிலிருக்கும் பெரிய மெத்தைக்கும் சின்ன மெத்தைகளுக்கும் இடையிலுள்ள பள்ளத்தை ஒற்றி எடுங்கள். முன்காலின் உட்பக்கம் தரையைத் தொடாமல் ஒரு நகம் தனியாக இருக்கும். அதன் அடியிலும் ஈரம் தங்கும். கடைசியாக, நாயைக் காய்ந்த விரிப்பில் மின்விசிறிக்கு முன்னால் கொஞ்ச நேரம் படுக்கவையுங்கள். அடர்ந்த முடியுள்ள நாய் என்றால் முடி உலர்த்தியைக் குளிர்காற்றில் வைத்து ஓட்டலாம். சூடான காற்று வேண்டாம், விரலிடுக்குத் தோல் சீக்கிரம் புண்ணாகும்.

துண்டு பற்றியும் சொல்ல வேண்டும். நேற்றுத் துடைத்த, இன்னும் காயாத துண்டால் இன்றும் துடைத்தால் நேற்றைய கிருமியை இன்று பூசுகிறோம். மழைக்காலத்தில் துணி காயாது என்பதால் மெல்லிய மைக்ரோஃபைபர் துண்டுகள் நாலைந்து வாங்கி வாசலில் காலணி அலமாரிப் பக்கம் வைத்துவிடுங்கள். ஒருமுறை துடைத்தது நேரே துவைக்கப் போகட்டும்.

நாயைக் குளிப்பாட்டுவதும் நடக்கக் கூட்டிப்போவதும் வீட்டு உதவியாளர் பொறுப்பு என்றால், "நல்லா துடைச்சிடுங்க" என்று சொல்வதோடு நிறுத்தாமல் ஒருதடவை பக்கத்தில் உட்கார்ந்து செய்துகாட்டுங்கள். விரலிடுக்கைத் துடைக்க வேண்டும் என்பது யாரும் சொல்லாமல் தெரிவதில்லை.

வீட்டில்தான் துடைக்க வேண்டுமா, கீழேயே துடைக்கலாமா?

அடுக்குமாடியில் இருப்பவர்கள் புளோக்கின் கீழ்த்தளத்திலேயே முதல் துடைப்பை முடித்துவிடுவது நல்லது. நாய் உடம்பை உதறுவது பெரும்பாலும் மின்தூக்கிக்குள்தான், அதன் நேரம் அப்படி. கூட நிற்பவர் தொழுகைக்குப் போகும் பாட்டியாக இருக்கலாம், நாய் என்றாலே பயப்படும் பிள்ளையாக இருக்கலாம். ஈர நாயோடு யாரும் நெருக்கி நிற்க வேண்டியதில்லை. ஒரு மின்தூக்கியை விட்டுவிட்டு அடுத்ததில் ஏறினால் ஒன்றும் குறைந்துவிடாது.

பாதத்துக்கென்று விற்கும் மெழுகுத் தைலம் தடவலாமா?

கடைகளில் அழகழகான டப்பாக்களில் கிடைக்கிறது. தேன்மெழுகும் தாவரக் கொழுப்பும் கலந்த தைலங்கள் அவை. கனடாவிலும் வட ஐரோப்பாவிலும் குளிர்காற்றில் வறண்டு வெடிக்கும் பாதத்துக்கும், சாலை உப்பு ஒட்டாமல் தடுப்பதற்கும் அவை அருமையானவை. இங்கே காற்றில் ஈரப்பதம் அடிக்கடி எண்பது விழுக்காட்டைத் தாண்டுகிறது. ஈரமான பாதத்தில் மெழுகு பூசினால் ஈரத்தை உள்ளே வைத்து மூடி போட்டதுபோல் ஆகிவிடும்.

உள்ளங்கால் உண்மையிலேயே வெடித்திருந்தால், அதாவது குளிரூட்டிய அறையிலேயே நாள் முழுக்கக் கிடக்கும் நாய் அல்லது வயதான நாய் என்றால், முழுவதும் காய்ந்த பாதத்தில், மெத்தைமேல் மட்டும், இரவில் லேசாகத் தடவலாம். விரலிடுக்கில் ஒருபோதும் வேண்டாம். தடவியபின் பளிங்குத் தரையில் நாயை ஓடவிடாதீர்கள், வழுக்கும். மெத்தை தடித்து, முள்முள்ளாக, மேலோடு கட்டியதுபோல் இருந்தால் அது வெறும் வறட்சியாக இல்லாமலிருக்கலாம். மருத்துவரிடம் காட்டுங்கள்.

தேங்காய் எண்ணெய், மஞ்சள், வேப்பிலைத் தண்ணீர்? அம்மா இதைத்தான் சொல்கிறார்.

எல்லா அம்மாக்களும் இதைத்தான் சொல்கிறார்கள். ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

தேங்காய் எண்ணெய் விஷமில்லை. ஆனால் நாய் அதை விரும்பி நக்கும். நக்க நக்கப் பாதம் எச்சிலில் ஊறும். நிறைய உள்ளே போனால் வயிற்றுப்போக்கும் வரலாம். அதைவிட முக்கியமான காரணம்: விரலிடுக்கில் பெருகும் மலசீசியா என்ற ஈஸ்ட் எண்ணெய்ப் பசையில் செழிப்பது. ஏற்கெனவே அரிக்கும் பாதத்தில் எண்ணெய் தடவுவது அதற்குச் சோறு போடுவதுதான்.

மஞ்சள்பொடி ஈரத்தில் கட்டியாகி விரலிடுக்கில் ஒட்டிக்கொள்ளும். பாதம் சிவந்திருக்கிறதா என்று பார்க்கக்கூட முடியாது, எல்லாமே மஞ்சள். மருத்துவருக்கும் அதே சிக்கல்.

வேப்பிலை போட்டுக் கொதிக்கவைத்து ஆறிய தண்ணீரில் கால் அலசுவதில் தீங்கில்லை. தொற்று வந்துவிட்டால் அது மட்டும் போதாது. அலசியபின் துடைக்காமல் விட்டால் வேப்பிலையும் காப்பாற்றாது. வேப்பெண்ணெய் வேறு விஷயம், நக்கினால் வாந்தி எடுக்கும், விட்டுவிடுங்கள்.

அம்மா சொல்லாத, நாமே செய்யும் சிலவற்றைத்தான் நான் கடுமையாக எதிர்ப்பேன். தண்ணீரில் டெட்டால் ஊற்றிக் கால் அலம்புவது, கைக்குத் தடவும் ஆல்கஹால் ஜெல்லால் துடைப்பது, தேயிலைமர எண்ணெய் தடவுவது, குழந்தைகளின் அரிப்புக்குப் போடும் துத்தநாகக் களிம்பைப் பூசுவது. நாய் தன் பாதத்தை நக்கும். பாதத்தில் போட்டது வயிற்றுக்குள் போகும். தேயிலைமர எண்ணெய் நாய்களுக்கு நஞ்சு. துத்தநாகம் வயிற்றைக் கெடுக்கும், அதிகம் போனால் ரத்தத்தையும் பாதிக்கும். புண்ணில் ஹைட்ரஜன் பெராக்சைடு ஊற்றுவதும் ஆறிவரும் தசையைக் கெடுக்கத்தான் செய்யும்.

வீடு துடைக்கும் திரவத்தையும் கவனியுங்கள். வாசம் போகக்கூடாது என்று கூடுதலாக ஊற்றித் துடைத்த தரையில் நாய் ஈரக்காலோடு நடக்கிறது. அளவாக ஊற்றி, தரை காய்ந்தபிறகு விடுங்கள்.

என் நாய் ஓயாமல் பாதத்தை நக்குகிறது. வெள்ளை முடி பழுப்பாகிவிட்டது. பொழுதுபோகாமல் நக்குகிறதா?

அப்படியும் இருக்கலாம். ஆனால் கடைசியில் யோசிக்க வேண்டிய காரணம் அது. பழுப்பு நிறம் எச்சிலில் இருக்கும் போர்ஃபிரின் என்ற நிறமிப் பொருளால் வருகிறது. மால்டிஸ், ஷி சூ போன்ற வெள்ளை நாய்களில் பளிச்சென்று தெரியும். கறுப்பு நாய்களும் அதே அளவு நக்குகின்றன, நமக்குத் தெரிவதில்லை, அவ்வளவுதான்.

முதலில் எத்தனை காலை நக்குகிறது என்று பாருங்கள். ஒரே ஒரு காலை, அதிலும் ஒரே இடத்தை நக்கினால் அங்கே ஏதோ இருக்கிறது: முள், வெட்டுக்காயம், பிளந்த நகம், விரல்களுக்கு நடுவே கிளம்பும் கட்டி. இரண்டு முன்காலையும் நக்கினால், காதையும் சொறிந்தால், பெரும்பாலும் ஒவ்வாமை. இங்கே வீட்டுத் தூசிப்பூச்சி அதற்குப் பெரிய காரணம். ஈரப்பதம் மிகுந்த ஊரில் படுக்கையிலும் சோபாவிலும் அது ஆண்டு முழுக்க வாழும். உணவும் உண்ணியும் காரணமாகலாம்.

ஒவ்வாமை அரிப்பைக் கிளப்பும், அரிப்பு நக்கவைக்கும், நக்கினால் ஈரம், ஈரத்தில் ஈஸ்ட், ஈஸ்ட்டால் மேலும் அரிப்பு. மழைக்காலம் இந்தச் சுற்றை வேகமாக்குகிறது. ஈஸ்ட் பெருகினால் அடையாளம் தெரியும்: நகத்தின் அடியில் பழுப்புப் பிசுபிசுப்பு, விரலிடுக்கில் சிவப்பு, புளித்த சோளப்பொரி போன்ற வாசனை. சுத்தமான பாதத்திலும் லேசான வாசனை இருக்கும்தான். அறைக்குள் நுழைந்ததும் மூக்கில் அடித்தால் அது வேறு.

மருத்துவர் விரலிடுக்கில் ஒட்டுநாடாவையோ பஞ்சையோ ஒற்றியெடுத்து நுண்ணோக்கியில் பார்ப்பார். ஈஸ்ட்டா, பாக்டீரியாவா, இரண்டுமா என்பது அங்கேயே தெரிந்துவிடும். இந்தச் சோதனையைச் செய்யாமல் களிம்பு மட்டும் எழுதித்தந்தால் தயங்காமல் கேளுங்கள், கேட்பது மரியாதைக்குறைவு இல்லை. ஈஸ்ட் என்றால் வழக்கமாகத் தருவது குளோர்ஹெக்ஸிடினும் மைக்கோனசோலும் கலந்த ஷாம்பு. வாரம் இருமுறை, நுரையைப் பத்து நிமிடம் பாதத்தில் வைத்திருந்து பிறகு அலச வேண்டும். அந்தப் பத்து நிமிடத்தில்தான் மருந்து வேலை செய்கிறது. நாய் துள்ளுகிறதே என்று ஒரு நிமிடத்தில் கழுவிவிட்டு "ஷாம்பு சரியில்லை" என்பவர்கள் அதிகம். கழிவறையில் கூடவே உட்கார்ந்து ஏதாவது தின்னக் கொடுத்துக்கொண்டே கடத்துங்கள். ஒவ்வாமை அடியில் இருந்தால் அதைக் கவனிக்காதவரை ஈஸ்ட் திரும்பத் திரும்ப வரும்.

நக்காமலிருக்கக் காலுறை போட்டுக் கட்டாதீர்கள். நாய் காலுறையோடு சேர்த்து நக்கும், ஈரத்துணி நாள் முழுக்கக் காலில் இருக்கும். கழுத்தைச் சுற்றிய கூம்புதான் பாதுகாப்பு, பார்க்கப் பாவமாக இருந்தாலும்.

தேங்கிய தண்ணீரில் மிதித்தால் நோய் வருமா?

வரலாம். இந்தப் பக்கத்தில் எனக்குக் கவலை தருவது இந்தக் கேள்விதான்.

எலியின் சிறுநீரில் லெப்டோஸ்பைரா என்ற பாக்டீரியா இருக்கும். மழைத்தண்ணீர் அதை அடித்துக்கொண்டு வந்து குட்டைகளில் சேர்க்கும். பாதத்தில் சிறு கீறல் இருந்தாலும், ஊறிய தோல் வழியாகவும் அது உள்ளே போகும். நாய் காலை நக்கினாலும் போகும். சிறுநீரகத்தையும் கல்லீரலையும் தாக்கும் நோய் இது, மனிதர்களுக்கும் தொற்றும். குட்டையில் விளையாடிய நாய் சில நாட்களில் சோர்ந்து, காய்ச்சலோடு, வாந்தி எடுத்து, வழக்கத்தைவிட அதிகம் தண்ணீர் குடித்து அதிகம் சிறுநீர் கழித்தால், அல்லது ஈறும் கண்வெள்ளையும் மஞ்சளித்தால், அன்றே மருத்துவரிடம் போய் "தேங்கிய தண்ணீரில் இருந்தது" என்று மறக்காமல் சொல்லுங்கள். தடுப்பூசி உண்டு, ஆண்டுதோறும் போட வேண்டும். வழக்கமான தடுப்பூசியில் இது சேர்ந்திருக்கிறதா என்று அட்டையைப் பார்த்துக் கேளுங்கள்.

சிங்கப்பூர் மண்ணில் மெலியோய்டோசிஸ் நோயைக் கொண்டுவரும் பாக்டீரியாவும் உண்டு. கனமழைக்குப் பின் மனிதர்களிடமும் இந்நோய் கூடுதலாகக் காணப்படுகிறது. நாய்க்கு அரிதாகத்தான் வருகிறது. இருந்தாலும் ஆறாத பாதப்புண் உள்ள நாயைச் சேற்றில் விடாதீர்கள். உங்கள் கையில் வெட்டு இருந்தால் கையுறை போட்டுக்கொண்டு சேற்றுக்காலைக் கழுவுங்கள்.

கொக்கிப்புழுவின் இளம்புழு ஈரமண்ணிலும் மணலிலும் காத்திருந்து விரலிடுக்குத் தோலைத் துளைத்து ஏறும். கடற்கரை மணலில் வெறுங்காலோடு நடக்கும் நமக்கும் அதே கதிதான். குடற்புழு மருந்தை மருத்துவர் சொல்லும் இடைவெளியில் தவறாமல் கொடுத்துவந்தால் போதும்.

இவ்வளவையும் படித்துவிட்டு நாயை வீட்டிலேயே பூட்டிவைக்காதீர்கள். மழைத்தண்ணீர் ஓடிக்கொண்டிருக்கும் நடைபாதையில் பெரிய ஆபத்து இல்லை. குப்பை சேகரிக்கும் இடத்துப் பக்கம், திறந்த வடிகால் ஓரம், மழை நின்றும் வடியாத மண்குட்டை, இவற்றிலிருந்து கயிற்றைச் சற்று இழுத்துப் பிடித்தால் சரி.

புல்வெளியில் விடலாமா?

விடலாம். திரும்பியதும் விரல்களை விரித்துப் பாருங்கள். திடல் புல்லில் நடந்தால் நம் கால்சட்டையில் குத்திக்கொண்டு வரும் ஊசி விதைகள் நாயின் விரலிடுக்கிலும் ஏறும், சிலசமயம் தோலுக்குள் புகுந்து கட்டியாகும். தொட்டாற்சுருங்கி முள், செவ்வெறும்புக் கடி, விரலிடுக்கில் ஒளிந்துகொள்ளும் உண்ணி, எல்லாம் அங்கேதான். உண்ணியை விரலால் நசுக்காமல் தோலை ஒட்டிக் கொறடால் பிடித்து நேராக இழுங்கள்.

முடி, நகம்?

வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீடுகளில் வளர்க்க அனுமதிக்கப்படும் சிறிய இனங்களில் பூடில், ஷி சூ, மால்டிஸ் எல்லாம் விரல்களுக்கிடையே குச்சம்போல முடி வளர்பவை. பாதத்தின் அடியில் மெத்தைகளைத் தாண்டி நீட்டிக்கொண்டிருக்கும் முடியை மட்டும் மெத்தை மட்டத்துக்கு வெட்டினால், தண்ணீர் தங்குவதும் குறையும், தரையில் வழுக்குவதும் குறையும். முனை மழுங்கிய கத்தரி அல்லது சின்ன டிரிம்மர் வேண்டும். குழிக்குள் தோண்டி வெட்டாதீர்கள். குட்டை முடியுள்ள 'சிங்கப்பூர் ஸ்பெஷல்', அதாவது உள்ளூர்க் கலப்பின நாய்க்காரர்களுக்கு இந்த வேலையே இல்லை.

மழைக்காலத்தில் நடை குறைவதால் நகம் தேயாது. தரையில் டக்டக் என்று சத்தம் கேட்டால் வெட்டும் நேரம் வந்துவிட்டது. கறுப்பு நகத்தில் உள்ளே ஓடும் ரத்தநாளம் தெரியாது, கொஞ்சம் கொஞ்சமாக வெட்டுங்கள். ரத்தம் வந்தால் சோளமாவில் நகத்தை அழுத்திப் பிடித்தால் நிற்கும்.

மழைக்குப் பூட்ஸ் வாங்கலாமா?

வாங்கி வீணாக்கியவர்களே அதிகம். பாதம் வியர்க்கும், பூட்ஸ் காற்றைத் தடுக்கும். மேலே தண்ணீர் புகுந்துவிட்டால் வெறுங்காலைவிட மோசம். பாதத்தில் தையலோ புண்ணோ இருந்தால் மட்டும், வெளியே போய் வரும் சில நிமிடங்களுக்குப் பலூன்போன்ற மெல்லிய ரப்பர் உறை உதவும். வீட்டுக்குள் வந்ததும் கழற்றிவிடுங்கள்.

பாதத்தைத் தொட்டாலே கடிக்க வருகிறது.

கடிக்க வருகிற நாயை நாலுபேர் அமுக்கிப் பிடித்துக் கழுவினால் அடுத்தமுறை இன்னும் கோபமாக வரும். மழையில்லாத நாளில், கழுவும் நோக்கமே இல்லாமல் தொடங்குங்கள். தோளைத் தொட்டு ஒரு தின்பண்டம், முழங்காலைத் தொட்டு ஒன்று, பாதத்தை ஒருகணம் தொட்டு ஒன்று. இழுத்துக்கொண்டால் விட்டுவிடுங்கள், நாளைக்குப் பார்க்கலாம். இதுவரை சும்மா கொடுத்த நாய் திடீரென்று ஒரு காலைத் தரமறுத்தால் அதை அடமாக எடுத்துக்கொள்ளாதீர்கள், வலிக்கிறது என்று அர்த்தம்.

மழை விட்டு வெயில் அடித்தால் உடனே கூட்டிப்போகலாமா?

நம் ஊர் டிசம்பரில் காலையில் மழையும் பிற்பகலில் சுள்ளென்ற வெயிலும் ஒரேநாளில் வரும். ஊறி மென்மையான பாதம் சூடான தாரில் பட்டால் சீக்கிரம் உரியும். புறங்கையைத் தரையில் ஏழு வினாடி வைத்துப் பாருங்கள். உங்களால் முடியாவிட்டால் நாயாலும் முடியாது. நிழல் இருக்கும் பூங்கா இணைப்புப் பாதையோ புல்லோ பார்த்துப் போங்கள்.

ஜனவரியில் டொரோன்டோவுக்குக் குடிபோகிறோம், நாயும் வருகிறது. அங்கே என்ன செய்வது?

இங்கே சொன்னதில் பாதியை அங்கே மாற்றிச் செய்ய வேண்டும். நான் இங்கே வேண்டாம் என்ற மெழுகுத் தைலம் அங்கே உங்கள் நண்பன். வெளியே போகுமுன் மெத்தையில் தடவுங்கள். நடைபாதையில் பனி உருகத் தூவும் உப்பு பாதத்தை எரிக்கும். அதில் கலக்கும் கால்சியம் குளோரைடு ஈரத்தில் சூடேறுவதால் இன்னும் காந்தும். நாய் நக்கினால் வாந்தியும் தாகமும் வரும். அதனால் வீட்டுக்கு வந்ததும் வெதுவெதுப்பான நீரில் பாதத்தை அலசுங்கள். விரலிடுக்கு முடியில் பனி உருண்டையாகக் கட்டி நடக்கவிடாமல் செய்யும், அங்கேயும் முடியை வெட்டித்தான் ஆக வேண்டும்.

பூட்ஸ் அங்கே வீண்செலவு இல்லை. அலாஸ்காவில் 1973 முதல் நடக்கும் இடிடரோட் பனிவண்டிப் பந்தயத்தில், பிறந்ததிலிருந்து பனியில் ஓடும் நாய்களுக்கே துணிக் காலுறை கொண்டுபோவது கட்டாயம். கிளம்புமுன் இங்கேயே, குளிரூட்டிய அறையில், பூட்ஸ் போட்டு நடக்கப் பழக்குங்கள். முதல்நாள் எல்லா நாயும் கொக்குபோலக் காலைத் தூக்கித் தூக்கி நடக்கும், சிரித்துவிட்டுத் தொடருங்கள்.

ஒன்றை மட்டும் மனத்தில் அழுத்தமாக வைத்துக்கொள்ளுங்கள்: காரில் ஊற்றும் உறைதடுப்பு நீர். அதிலிருக்கும் எத்திலீன் கிளைக்கால் இனிக்கும். கார் நிறுத்துமிடத்தில் சொட்டியதை நாய் மிதித்துக் காலை நக்கினாலும் ஆபத்து, கொஞ்சம் உள்ளே போனாலே சிறுநீரகம் செயலிழக்கும். சந்தேகம் வந்தால் அறிகுறிக்குக் காத்திராமல் அவசரச் சிகிச்சைக்குப் போக வேண்டும்.

வெப்பமண்டலத்தில் வளர்ந்த நாய்க்கு அடர்முடியும் வந்திராது. முதல் குளிர்காலத்தில் நடை குறுகியதாக இருக்கட்டும். நடுவழியில் நின்று காலைக் காலைத் தூக்கினால் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வந்துவிடுங்கள்.

எப்போது மருத்துவரிடம் போவது?

ஒரு நாளுக்குமேல் நொண்டினால், பத்து நிமிடம் அழுத்திப் பிடித்தும் ரத்தம் நிற்காவிட்டால், விரல் வீங்கினால், சீழ் வந்தால், நகம் பாதி பிய்ந்து தொங்கினால், இரண்டு மூன்று நாள் நன்றாகக் காயவைத்தும் நக்குவது குறையாவிட்டால். மனிதர்களுக்கான வலிமாத்திரை எதையும் கொடுக்காதீர்கள். ஐபுப்ரோஃபென் நாயின் வயிற்றையும் சிறுநீரகத்தையும் பாதிக்கும். போகுமுன் பாதத்தைப் படம் எடுத்துக்கொள்ளுங்கள், கழுவாமல் கூட்டிப்போங்கள். கழுவிவிட்டால் ஒட்டியெடுத்துப் பார்க்க ஒன்றும் இருக்காது.

மழை என்றால் வெளியே வரவே மாட்டேன் என்கிறது. வீட்டுக்குள்ளேயே சிறுநீர்த் தட்டு வைக்கலாமா?

வைக்கலாம். ஆனால் உறிஞ்சும் விரிப்பை நாள் முழுக்க மாற்றாமல் விட்டால், மழை செய்யும் வேலையைச் சிறுநீர் செய்யும். நாய் அதிலேயே மிதித்து நின்று, பாதம் எரிந்து சிவக்கும். மேலே வலைத்தட்டு உள்ளதாக வாங்குங்கள், சிறுநீர் கீழே இறங்கிவிடும், கால் நனையாது. ஆனால் அந்த வலையின் கண்கள் நாயின் நகமோ சின்ன விரலோ மாட்டிக்கொள்ளாத அளவு நெருக்கமாக இருக்க வேண்டும். கடையில் கையை வைத்து அழுத்திப் பார்த்துவிட்டு வாங்குங்கள்.